94.7-க்கு 5.3: ஜப்பானில் ஒரு குடும்பப் பெயரின் கணக்கு

2022-ஆம் ஆண்டில் ஜப்பானில் பதிவான திருமணங்கள் 5,04,930. அவற்றில் 94.7 விழுக்காட்டில் கணவரின் குடும்பப் பெயர் தம்பதியின் பெயராயிற்று, 5.3 விழுக்காட்டில் மனைவியின் பெயர். ஜப்பானியர் இருவர் சட்டப்படி மணந்துகொண்டு, இருவரும் அவரவர் குடும்பப் பெயரிலேயே தொடர்ந்த திருமணங்கள் 0. பதிவுப் படிவத்தில் 'கணவரின் பெயர்', 'மனைவியின் பெயர்' என்று 2 கட்டங்கள் இருக்கின்றன. இரண்டில் ஒன்றில் குறியிடாத படிவத்தை நகராட்சி அலுவலகம் ஏற்பதில்லை.

இந்த 0-க்குக் காரணம் ஜப்பானியச் சிவில் சட்டத்தின் 750-ஆம் பிரிவு. திருமணத்தின்போது செய்துகொள்ளும் உடன்பாட்டின்படி தம்பதி கணவரின் அல்லது மனைவியின் குடும்பப் பெயரைத் தாங்க வேண்டும் என்கிறது அது. பெண்தான் மாற வேண்டும் என்ற சொல் அதில் எங்கும் இல்லை. சட்டத்தின் வாசகப்படி வாய்ப்பு 50-க்கு 50; நடைமுறையில் 94.7-க்கு 5.3. முதலெழுத்தோடு காலம் தள்ளும் தமிழருக்கு ஒரு குறிப்பு: ஜப்பானியரின் குடும்பப் பெயர், இயற்பெயருக்கு முன்னால் வரும் முழுச்சொல். அலுவலகத்திலும் அக்கம்பக்கத்திலும் ஒருவரை அழைப்பது பெரும்பாலும் அந்தச் சொல்லால்தான்.

1975-இல் கணவரின் பெயரை ஏற்ற திருமணங்கள் 98.8 விழுக்காடு. 1995-இல் 97.4, 2015-இல் 96.0, 2020-இல் 95.3, 2022-இல் 94.7. 47 ஆண்டுகளில் இறக்கம் 4.1 விழுக்காட்டுப் புள்ளி, ஆண்டுக்கு 0.087 புள்ளி. இதே வேகம் மாறாதிருந்தால், 94.7 இறங்கி 50-ஐத் தொட இன்னும் 512 ஆண்டுகள் ஆகும், அது 2534. நேர்கோட்டை இவ்வளவு தூரம் நீட்டுவதில் முன்கணிப்பு என்று சொல்லத்தக்கது எதுவும் இல்லை. வேகத்தின் அளவை உணர்த்துவதற்கு மட்டும் இந்தக் கணக்கு.

விழுக்காட்டை ஆள் எண்ணிக்கையாக மாற்றினால் வேறொன்று தெரிகிறது. 1975-இல் நடந்த திருமணங்கள் 9,41,628. பெயர் மாறிய பெண்கள் ஏறத்தாழ 9,30,300, ஆண்கள் 11,300. 2022-இல் பெண்கள் 4,78,200, ஆண்கள் 26,800. (வெளிநாட்டவரை மணந்தோரைக் கழிக்காத தோராயக் கணக்கு இது.) 82 பெண்களுக்கு ஓர் ஆண் என்றிருந்தது 18 பெண்களுக்கு ஓர் ஆண் என்றாகியிருக்கிறது. பெயர் மாறும் பெண்கள் ஆண்டுக்கு 4,52,100 பேர் குறைந்திருக்கிறார்கள். பாதிக்குச் சற்றே குறைவு. இதை மன மாற்றம் என்று எழுதிவிடலாம் என்று தோன்றும். ஆனால் 1975-இன் 98.8 விழுக்காடு அப்படியே நீடித்திருந்தாலும் 2022-இல் பெயர் மாறியிருக்கக்கூடிய பெண்கள் 4,98,900 பேர்தான். 4,52,100 பேர் குறைவில் பழக்கம் மாறியதால் வந்தது 20,700; அதாவது 4.6 விழுக்காடு. மீதி 95.4 விழுக்காடும் திருமணங்களே குறைந்ததால் வந்தது. பெயரை வைத்துக்கொண்ட பெண்களில் ஆகப் பெரும்பான்மையோர் மணமாகாததால் வைத்துக்கொண்டவர்கள்.

வழக்கத்தின் வயதையும் எண்ணிப் பார்க்கலாம். குடிமக்கள் அனைவருக்கும் குடும்பப் பெயர் கட்டாயமானது 1875-இல். மறு ஆண்டு, 1876 மார்ச்சில், மணமான பெண் பிறந்த வீட்டுப் பெயரையே தாங்க வேண்டும் என்று அரசு ஆணையிட்டது. 1898-இல் நடைமுறைக்கு வந்த மெய்ஜி சிவில் சட்டம்தான் மனைவியைக் கணவரின் குடும்பத்துக்குள் சேர்த்து, அந்தக் குடும்பத்தின் பெயரை அவருக்கு இட்டது. போருக்குப் பின் திருத்தப்பட்ட சட்டம் 1948 ஜனவரி 1 முதல் 'கணவர் அல்லது மனைவி' என்றாக்கியது. ஆக, தனித்தனிப் பெயர் சட்டமாக இருந்தது 22 ஆண்டுகள். கணவர் வீட்டுப் பெயர் சட்டமாக இருந்தது ஏறத்தாழ 50 ஆண்டுகள். 'இருவரில் ஒருவர்' என்பது 75 ஆண்டுகளுக்கும் மேலாக நீடிக்கிறது. தொன்மையான மரபு என்று வாதிடப்படும் ஒரே பெயர் முறை, ரயில் வந்து 26 ஆண்டுகளுக்குப் பிறகு அந்த நாட்டுக்கு வந்தது: தோக்கியோவின் ஷிம்பாஷியிலிருந்து யோக்கோஹாமாவுக்கு முதல் ரயில் ஓடியது 1872.

இனிச் செலவு. திருமணப் பதிவுக்குக் கட்டணம் 0 யென். ஓட்டுநர் உரிமத்தில் பெயர் திருத்த 0 யென். தேசிய அடையாள அட்டையான 'மை நம்பர்' அட்டையில் திருத்த 0 யென். கட்டணம் இதற்குப் பிறகு வருகிறது. குடும்பப் பதிவேட்டுச் சான்று ஒரு படி 450 யென். குடியிருப்புச் சான்று ஊருக்கு ஊர் மாறும். 300 யென் என்று வைத்துக்கொள்ளலாம். 2025 மார்ச் 24-இல் வந்த கட்டண விகிதப்படி, பழைய கடவுச்சீட்டின் மீதிக் காலத்துக்கே புதுப் பெயரில் மாற்றி வாங்க நேரில் 6,300 யென், இணையவழி 5,900 யென். புதிதாகப் பத்தாண்டுக் கடவுச்சீட்டே எடுத்தால் நேரில் 16,300 யென். செவிலியர் பதிவேட்டில் பெயர் திருத்த 1,000 யென். வீட்டுப் பத்திரப் பதிவில் ஒரு சொத்துக்கு 1,000 யென். நிலமும் கட்டடமும் 2 தனிச் சொத்துகள், ஆகவே 2,000 யென்.

சொந்த வீடும் கடவுச்சீட்டும் உள்ள ஒரு செவிலியரை எடுத்துக்கொள்வோம். குடும்பப் பதிவேட்டுச் சான்று 2 படி 900 யென், குடியிருப்புச் சான்று 2 படி 600 யென், கடவுச்சீட்டு 6,300 யென், செவிலியர் பதிவேடு 1,000 யென், சொத்துப் பதிவு 2,000 யென். மொத்தம் 10,800 யென். 100 யென்னுக்கு ஏறத்தாழ 60 ரூபாய் என்று கொண்டால் 6,480 ரூபாய். 2025-ஆம் நிதியாண்டில் ஜப்பானின் குறைந்தபட்ச ஊதியத்தின் நாடளாவிய சராசரி மணிக்கு 1,121 யென். அந்தக் கூலியில் பார்த்தால் 10 மணி நேரத்துக்குச் சற்றுக் குறைந்த உழைப்பு. பத்திர எழுத்தரை அமர்த்தினால் அவர் கூலியும், புதுப் பெயரில் செதுக்க வேண்டிய முத்திரையின் விலையும், அலுவலகங்களுக்காக எடுக்கும் அரைநாள் விடுப்புகளும் இதில் சேரவில்லை. 10,800 யென் பெருந்தொகை அல்ல என்பதை ஒப்புக்கொள்ளலாம். அதை யார் கட்டுகிறார் என்பதில்தான் சாய்வு. கடவுச்சீட்டை மட்டும் பார்ப்போம்: ஜப்பானியரில் சுமார் 17 விழுக்காட்டினரிடம்தான் அது இருக்கிறது. ஆண், பெண், வயது வேறுபாட்டை விட்டுவிட்டு, 2022-இல் இருந்த 6,000 யென் கட்டணத்தை வைத்துப் பெருக்கினால், பெயர் மாறிய பெண்கள் தரப்பில் 48.8 கோடி யென். ஆண்கள் தரப்பில் 2.7 கோடி யென்.

கெடுக்களும் உண்டு. மை நம்பர் அட்டைக்கு 14 நாள். சொந்தக் கார் இருந்தால் அதன் பதிவுக்கு 15 நாள். செவிலியர் பதிவேட்டுக்கு 30 நாள். ஓட்டுநர் உரிமத்துக்கு நாள் கணக்கு இல்லை, தாமதமின்றி என்பதே விதி. தவறினால் அபராதம் 20,000 யென் வரை. சொத்துப் பதிவில் பெயர் மாற்றத்தைத் தெரிவிப்பது நீண்டகாலமாக விருப்பத்தைப் பொறுத்ததாக இருந்தது. 2026 ஏப்ரல் 1 முதல் அதுவும் கடமை: 2 ஆண்டுக்குள் செய்ய வேண்டும், தக்க காரணமின்றி விட்டால் தண்டத்தொகை 50,000 யென் வரை. திருத்தக் கட்டணம் 1,000 யென், திருத்தாத கட்டணம் அதைப்போல் 50 மடங்கு.

மணமுறிவில் கணக்கு திரும்ப ஓடுகிறது. 2022-இல் மணமுறிவுகள் 1,79,099. அதே ஆண்டுத் திருமணங்களோடு ஒப்பிட்டால் 35.5 விழுக்காடு. (இரண்டும் ஒரே தம்பதிகளின் எண்ணிக்கை அல்ல, விகிதத்தைப் பிரிவு வாய்ப்பாகப் படிக்கக் கூடாது.) சட்டப்படி, பெயர் மாறியவர் பழைய பெயருக்குத் தானாகவே திரும்புகிறார். திருமணப் பெயரிலேயே தொடர விரும்பினால் 3 மாதத்துக்குள் அறிவிக்க வேண்டும்; இந்த வசதி 1976-இல் சேர்க்கப்பட்டது. திரும்பினால் செவிலியரின் 10,800 யென் இரண்டாம் முறை செலவாகும். கணவரின் கணக்கில் இருமுறையும் 0.

அரசின் பதில், பழைய பெயரைப் புழக்கத்தில் வைத்துக்கொள்ளலாம் என்பது. 2019 நவம்பர் 5 முதல் மை நம்பர் அட்டையிலும், அதே ஆண்டு டிசம்பர் 1 முதல் ஓட்டுநர் உரிமத்திலும் பழைய குடும்பப் பெயரைச் சேர்த்து அச்சிடலாம். கடவுச்சீட்டில் சேர்ப்பதற்கான நிபந்தனைகள் 2021 ஏப்ரலில் தளர்ந்தன. நிறுவனங்களும் பின்தங்கவில்லை. ஜப்பானின் பெருநிறுவனங்களின் கூட்டமைப்பான கெய்தான்ரென் 2024 ஜூன் 10-இல் வெளியிட்ட பரிந்துரையின்படி, அதன் ஆய்வில் பதிலளித்த நிறுவனங்களில் 91 விழுக்காடு ஊழியர்களின் பழைய பெயரை அனுமதிக்கின்றன. அதே பரிந்துரையில் இன்னொரு எண்: பழைய பெயரைப் பயன்படுத்த முடிந்தாலும் இடையூறு நேர்கிறது என்று சொன்ன பெண் நிர்வாகிகள் 88 விழுக்காடு. 91-உம் 88-உம் ஒன்றையொன்று மறுக்கவில்லை. அனுமதி நிறுவனத்தின் வாசல்வரை செல்லும். வங்கியிலும் விமான நிலையத்திலும் வேறு பெயர் கேட்கப்படும்.

வங்கிகளின் நிலையை 2022-இல் நிதிச் சேவை முகமை கணக்கெடுத்தது. பழைய பெயரில் கணக்குத் திறக்க இடந்தந்தவை வங்கிகளில் சுமார் 10-க்கு 7, வட்டாரச் சேமிப்பு வங்கிகளில் 10-க்கு 6, கடன் கூட்டுறவுகளில் 10-க்கு 1. கடவுச்சீட்டில் பழைய பெயர் அச்சுப் பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் நிற்கிறது. மின்சில்லிலும் இயந்திரம் படிக்கும் வரிகளிலும் அது இல்லை. குடியேற்ற அதிகாரியின் கண்ணுக்குப் பெயர் 2, அவருடைய கருவிக்கு 1.

பெயரை மாற்றவே மாட்டோம் என்பவர்களுக்கு ஒரு வழி உண்டு: பதிவு செய்யாமல் சேர்ந்து வாழ்வது. அதன் விலை மரணத்தின்போது தெரியும். பெற்றோர், பிள்ளை, உடன்பிறந்தோர் யாருமில்லாத ஒருவர் 10 கோடி யென் சொத்தை விட்டு இறக்கிறார் என்று கொள்வோம். பதிவு செய்த துணைவர் ஒரே வாரிசு. வாழ்க்கைத்துணைக்கு 16 கோடி யென் வரை வரிக் கழிவு இருப்பதால் அவர் கட்ட வேண்டிய வரி 0. பதிவு செய்யாத துணைவர் வாரிசே அல்ல. உயில் இருந்தால் மட்டுமே அவருக்குச் சொத்து வரும். அப்போது அடிப்படைக் கழிவு 3 கோடி யென் போக, வரிக்குரிய தொகை 7 கோடி யென். 30 விழுக்காட்டு வீதத்தில் 2.1 கோடி யென். அதில் சட்டம் அனுமதிக்கும் 70 லட்சம் யென்னைக் கழித்தால் வரி 1.4 கோடி யென். வாழ்க்கைத்துணையோ நெருங்கிய இரத்த உறவோ அல்லாதவருக்கு 20 விழுக்காடு கூடுதல் என்பதால் முடிவில் 1.68 கோடி யென். செவிலியரின் 10,800 யென்னைப்போல் ஏறத்தாழ 1,556 மடங்கு. எல்லாரும் 10 கோடி யென் விட்டுச் செல்வதில்லை என்பது உண்மைதான். ஆயினும், விரும்பாதவர் பதிவு செய்ய வேண்டாம் என்று எளிதாகச் சொல்பவர்கள் இந்தத் தொகையையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

பெயர் வேறானால் குடும்பம் குலையும் என்பது எதிர்ப்பாளர்களின் முதல் வாதம். அதை அளந்து பார்க்கச் சட்டத்துக்குள்ளேயே ஒரு பகுதி இருக்கிறது. வெளிநாட்டவரை மணக்கும் ஜப்பானியரை 750-ஆம் பிரிவு கட்டுப்படுத்துவதில்லை. பெயர் தானாக மாறாது. மாற விரும்பினால் 6 மாதத்துக்குள் அறிவித்தால் போதும், நீதிமன்ற அனுமதி வேண்டாம். 2022-இல் அத்தகைய திருமணங்கள் 17,685, மொத்தத்தில் 3.5 விழுக்காடு. பதிவான 28 அல்லது 29 திருமணங்களில் ஒன்றுக்கு, மற்றவர்களுக்கு இல்லாத தெரிவு ஏற்கெனவே இருக்கிறது.

வெளிநாட்டு எண்கள் ஒரு எச்சரிக்கையும் தருகின்றன. அமெரிக்காவில் பியூ ஆய்வு மையம் 2023-இல் வெளியிட்ட கணக்கில், எதிர்பால் திருமணத்தில் உள்ள பெண்களில் 79 விழுக்காட்டினர் கணவரின் பெயரை ஏற்றவர்கள்; 14 விழுக்காட்டினர் தம் பெயரை வைத்துக்கொண்டவர்கள்; 5 விழுக்காட்டினர் இரண்டையும் இணைத்துக்கொண்டவர்கள். மனைவியின் பெயரை ஏற்ற ஆண்கள் 5 விழுக்காடு. அங்கே கட்டாயம் ஏதும் இல்லை. கட்டாயம் உள்ள ஜப்பானின் 94.7-க்கும் கட்டாயமற்ற அமெரிக்காவின் 79-க்கும் இடைவெளி 15.7 புள்ளி. ஒன்று அந்த ஆண்டின் திருமணங்கள், மற்றொன்று எல்லா வயது மணமான பெண்களும் என்பதால் ஒப்பீடு கரடுமுரடானது. ஆனாலும் சட்டத்தை நீக்கினால் விகிதம் பாதிக்குப் பாதியாகிவிடும் என்று எதிர்பார்க்க இந்த எண்கள் இடம் தரவில்லை. ஆணின் 5-உம் 5.3-உம் ஏறத்தாழ ஒன்றே. எதிர்த் திசைக் கட்டாயமும் உலகில் உண்டு: கனடாவின் கியூபெக்கில் 1981 முதலும், கிரீஸில் 1983 முதலும், மணமான பெண் சட்டப்படி பிறந்த பெயரிலேயே இருக்க வேண்டும்.

பெயரை ஒன்றாக்கியே தீர வேண்டும் என்ற சட்டம் தன் அறிவுக்கு எட்டியவரை வேறெந்த நாட்டிலும் இல்லை என்று ஜப்பானிய நீதி அமைச்சகமே சொல்லியிருக்கிறது. பெண்களுக்கு எதிரான பாகுபாட்டை ஒழிக்கும் ஐ.நா. குழு 2003, 2009, 2016, 2024 என 4 முறை சட்டத்தை மாற்றுமாறு பரிந்துரைத்தது. உள்நாட்டில் உச்ச நீதிமன்றத்தின் 15 நீதிபதிகள் கொண்ட முழு அமர்வு 2 முறை தீர்ப்பளித்தது. 2015 டிசம்பர் 16-இல் சட்டம் செல்லும் என்றவர்கள் 10, செல்லாது என்றவர்கள் 5. அந்த அமர்வில் இருந்த பெண் நீதிபதிகள் 3. மூவரும் அந்த ஐவருக்குள். 2021 ஜூன் 23-இல் 11-க்கு 4. ஐந்தரை ஆண்டுகளில் எதிர்ப்பு ஓர் ஓட்டுக் குறைந்தது. 2024 மார்ச்சில் 12 பேர் தோக்கியோவிலும் சப்போரோவிலும் மீண்டும் வழக்குத் தொடுத்தார்கள்.

மக்கள் கருத்தைப் பற்றிய எண்கள் கேட்கும் விதத்துக்கு ஏற்ப வளைகின்றன. அமைச்சரவை அலுவலகத்தின் 2017 ஆய்வில் தனித்தனிப் பெயரை அனுமதிக்கலாம் என்றவர்கள் 42.5 விழுக்காடு. 2021 டிசம்பர் ஆய்வில் 28.9 விழுக்காடு. 4 ஆண்டில் 13.6 புள்ளிச் சரிவு கருத்து மாற்றமாகத் தெரியவில்லை. இடையில் நேர்காணல் அஞ்சலாகவும், கேள்வியின் வாசகம் வேறாகவும் மாறிவிட்டன. 2021-இல் இப்போதைய முறையே போதும் என்றவர்கள் 27.0, முறையை வைத்துக்கொண்டு பழைய பெயரின் புழக்கத்துக்குச் சட்ட ஏற்பாடு செய்யலாம் என்றவர்கள் 42.2. நடுவிலுள்ள 42.2-ஐ 27.0-உடன் கூட்டினால் 69.2 விழுக்காடு இப்போதைய முறைக்கு ஆதரவு. அதே 42.2-ஐ 28.9-உடன் கூட்டினால் 71.1 விழுக்காடு ஏதோவொரு மாற்றத்துக்கு ஆதரவு. இரு தரப்பும் சுமார் 70 என்று பேசுவதற்கு ஒரே அட்டவணை போதும். ஆம், இல்லை என்று நேராகக் கேட்ட, பொது ஒலிபரப்பு நிறுவனமான என்.எச்.கே.யின் 2024 ஆய்வில் ஆதரவு 62, எதிர்ப்பு 27.

2024 ஏப்ரல் 1-இல் வெளியான இன்னொரு கணக்கு செய்திகளில் அதிகம் அடிபட்டது. தொஹோகு பல்கலைக்கழகப் பேராசிரியர் யோஷிதா ஹிரோஷி கணித்தது அது. ஜப்பானில் மிகுதியாக உள்ள குடும்பப் பெயர் சாட்டோ. 2023-இல் மக்கள்தொகையில் 1.529 விழுக்காடு. முந்தைய ஆண்டைவிட அதன் பங்கு 1.0083 மடங்கு. அந்த வேகம் தொடர்ந்தால் 2531-இல் ஜப்பானியர் அனைவரும் சாட்டோ. வாசகரே சரிபார்க்கலாம்: 1.0083-ஐ 508 முறை பெருக்கினால் சுமார் 66.6, 1.529-ஐ அதனால் பெருக்கினால் 100-ஐச் சற்றே தாண்டும். தனித்தனிப் பெயருக்கு இடமளித்தால் 2531-இல் சாட்டோக்களின் பங்கு 7.96 விழுக்காடே என்பது அதே ஆய்வின் மறுபக்கம். பெருக்கலில் பிழையில்லை, ஓர் ஆண்டின் வேகத்தை 508 ஆண்டுக்கு நீட்டியது கணக்கின் பலவீனம். சட்ட மாற்றத்துக்காக இயங்குவோரின் பரப்புரைக்காகச் செய்யப்பட்டது என்பதையும், வெளியான தேதியையும் சேர்த்தே அதைப் படிக்க வேண்டும்.

சட்டமியற்றும் பக்கத்தில் எண்கள் சிறியவை. நீதி அமைச்சகத்தின் சட்ட ஆலோசனைக் குழு, விரும்புவோருக்குத் தனித்தனிப் பெயர் என்ற வரைவை 1996 பிப்ரவரியில் கொடுத்தது. அதன் பேரில் இன்றுவரை அரசு தாக்கல் செய்த மசோதாக்கள் 0. 2025 மே 30-இல், 28 ஆண்டுகளுக்குப் பிறகு முதன்முறையாக, எதிர்க்கட்சிகள் மூன்றின் 3 மசோதாக்கள் கீழவையின் நீதித்துறைக் குழுவில் விவாதத்துக்கு வந்தன. தனித்தனிப் பெயரை அனுமதிப்பவை 2. பழைய பெயரின் புழக்கத்தைச் சட்டமாக்குவது 1. 2023-இன் 4,74,741 திருமணங்களையும் 94.5 விழுக்காட்டையும் வைத்துப் பார்த்தால், நாள் ஒன்றுக்குப் பெயர் மாறும் பெண்கள் 1,229. விவாதம் தொடங்கியதிலிருந்து கூட்டத்தொடர் முடிந்த ஜூன் 22 வரையிலான 24 நாளில் 29,500. அந்த 24 நாளில் 3 மசோதாக்களின் மீதும் நடந்த வாக்கெடுப்பு 0.